மேடை முகாமைத்துவம் பழக வருகிறவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

கொழும்பில் தமிழ் நாடகங்களுக்குப் பல வருடங்களாக மேடை முகாமை செய்து வருகிறேன். ஒவ்வொரு தயாரிப்பிலும் இரண்டு மூன்று இளம்பிள்ளைகள் உதவிக்கு வருவார்கள். ஒத்திகை இடைவேளையில் பிளேன்ரீ குடித்துக்கொண்டு அவர்கள் கேட்ட கேள்விகளும் நான் சொன்ன பதில்களும்தான் இவை. வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ பள்ளிக்கூட நாடகத்தோடு தொடங்கும் ஒருவரை மனதில் வைத்து எழுதுகிறேன்.

மேடை முகாமையாளர் என்பவர் யார்? நெறியாளரின் உதவியாளரா?

இல்லை. நாடகம் எப்படி இருக்க வேண்டும் என்று முடிவெடுப்பவர் நெறியாளர். அவர் எடுத்த முடிவுகளை எழுதிவைத்து, ஒளி, ஒலி, காட்சியமைப்பு, உடை, ஒப்பனை எனச் சம்பந்தப்பட்ட எல்லாருக்கும் போய்ச் சேரச் செய்து, ஒவ்வொரு காட்சி நாளிலும் அந்த முடிவுகள் அப்படியே நடக்கப் பார்த்துக்கொள்பவர் மேடை முகாமையாளர். முதற்காட்சி தொடங்கியதும் நெறியாளர் பார்வையாளரோடு போய் உட்கார்ந்துவிடுவார். அதற்குப் பிறகு மேடை முகாமையாளரின் கையில்தான் நாடகம்.

எங்கள் குழுக்களில் நான் அதிகம் கேட்ட வசனம், "ஆராவது பாத்துக்கொள்ளுவினம்" என்பது. தண்ணீர்ப் போத்தல், பின்கதவுத் திறப்பு, இரண்டாம் காட்சிக் கதிரை, எதைக் கேட்டாலும் யாராவது பார்த்துக்கொள்வார்கள். அந்த 'யாராவது' யார் என்று பெயர் எழுதிவைப்பதுதான் இந்த வேலையின் தொடக்கம். பெயர் எழுதப்படாத வேலை செய்யப்படாத வேலை என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

இது வெள்ளைக்காரர் கொண்டுவந்த முறைதானே? எங்கள் கூத்தில் இப்படி யாரும் இருந்ததில்லையே?

இருந்தார்கள். மட்டக்களப்புக் கூத்தைப் பாருங்கள். அண்ணாவியார் ஆட்டமும் பாட்டும் பழக்குவார். அவருக்குப் பக்கத்தில் கொப்பி பார்ப்பவர் ஒருவர் நின்று, எந்தப் பாட்டு, எந்த வரி, அடுத்த வரவு யாருடையது என்று கொப்பியை வைத்துச் சொல்லிக்கொண்டிருப்பார். காசு சேர்ப்பது, ஆட்களைக் கூட்டுவது, கூத்தாடும் இடமான களரிக்கு வேண்டியதை ஒழுங்குசெய்வது எல்லாம் மனேச்சர் என்று ஊர் அழைக்கும் ஒருவரின் பொறுப்பு. சட்டம் கொடுத்தல், கிழமைக்கூத்து, சதங்கை அணிதல், அடுக்குப் பார்த்தல், அரங்கேற்றம் என்ற படிமுறையும் பழையது. சட்டம் கொடுத்தல் என்றால் ஒவ்வொரு நடிகருக்கும் அவருடைய பகுதியை எழுதிக் கையளிப்பது. அடுக்குப் பார்த்தல் என்பது முழு ஒத்திகை.

கொப்பி பார்ப்பவரும் மனேச்சரும் செய்ததில் பெரும் பகுதி இன்று மேடை முகாமையாளரிடம் சேர்ந்திருக்கிறது. மின்விளக்கும் ஒலிப்பதிவும், முன்பக்கம் மட்டும் படச்சட்டம்போலத் திறந்த சட்டகமேடையும் வந்த பிறகு அதோடு இன்னும் பல வேலைகள் கூடின. அந்த முறைகளில் பல பிரித்தானிய அரங்கிலிருந்து கொழும்புக்கு வந்தவை. இரண்டையும் தெரிந்துகொள்வதில் நட்டம் ஒன்றுமில்லை.

நடிக்க வராதவர்களுக்குக் கொடுக்கும் வேலையா இது?

அப்படிக் கொடுக்கிறார்கள் என்பது உண்மை. அது பிழை. நல்ல நினைவு, அமைதி, கையெழுத்து, நேரந்தவறாமை, கேட்கும் காது இவை இல்லாதவருக்கு இந்த வேலை ஒத்துவராது. நடிப்பில் கெட்டிக்காரராக இருந்தும் இதைத் தேர்ந்தெடுத்தவர்களை எனக்குத் தெரியும்.

ஒத்திகைக் காலத்தில் நான் என்ன செய்ய வேண்டும்?

முதல் ஆளாக வர வேண்டும். கதவைத் திறந்து, கூட்டி, மின்விசிறியைப் போட்டுப் பார்த்து, தரையில் அளவுக் கோடு போட்டு முடித்த பிறகுதான் நடிகர்கள் வர வேண்டும்.

அளவுக் கோடு என்றால், உண்மையான மேடையின் எல்லை, கதவு, படி, பெரிய தளபாடம் இவற்றை நிற நாடாவால் ஒத்திகை அறைத் தரையில் குறிப்பது. காட்சியமைப்பாளர் தரும் தரைப்படம் வழக்கமாக 1:25 அளவில் இருக்கும். படத்தில் 4 சென்ரிமீற்றர் என்றால் தரையில் ஒரு மீற்றர். எங்கள் நெறியாளர்கள் அநேகமாக அடிக்கணக்கில் பேசுவார்கள், ஆகவே இரண்டு பக்கமும் அளவு உள்ள நாடா ஒன்று வாங்குங்கள். ஒரு தொடர்மாடி வீட்டு வரவேற்பறையில் ஒத்திகை பார்த்துவிட்டு முப்பதடி மேடைக்குப் போகும் குழுக்களைக் கண்டிருக்கிறேன். நடிகர்கள் நடுவிலேயே குவிந்து நிற்பார்கள், ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நடக்க எடுக்கும் நேரம் யாருக்கும் தெரியாது. அறை சிறியதென்றால் மேடையின் பாதியை மட்டும் குறித்து, "இன்றைக்கு வலப்பக்கம் மட்டும்" என்று சொல்லி ஒத்திகை பார்க்கலாம்.

இடம், வலம் என்பது எப்போதும் பார்வையாளரைப் பார்த்து நிற்கும் நடிகரின் இடமும் வலமும்தான். இதை முதல் நாளே எல்லாருக்கும் சொல்லிவிடுங்கள்.

வரவுப் பதிவு, யார் எத்தனை மணிக்கு வந்தார், எந்தக் காட்சி எத்தனை நிமிடம் ஓடியது, என்ன புதிதாகத் தேவைப்படுகிறது என்று ஒவ்வொரு நாளும் ஒரு பக்கக் குறிப்பு எழுதுங்கள். அன்றிரவே வட்ஸ்அப் குழுவில் போடுங்கள். "நாயகி இப்போது கட்டிலில் ஏறி நிற்கிறாள்" என்று நீங்கள் எழுதும் ஒரு வரியைப் பார்த்துத்தான் கட்டில் செய்கிறவர் காலைப் பலப்படுத்துவார், உடை தைக்கிறவர் சேலையின் உயரத்தைப் பார்ப்பார்.

மேடைப்பிரதியை எப்படித் தயாரிப்பது?

நாடகத்தின் எழுத்துருவும், அதாவது வசனப்பிரதியும், அசைவு, ஒளி, ஒலிக் குறிப்புகளும் ஒன்றாக இருக்கும் கோப்புத்தான் மேடைப்பிரதி. ஆங்கில நாடகக்காரர் அதை 'புக்' என்று சுருக்கமாகச் சொல்வார்கள். எங்கள் குழுக்களிலும் அந்தப் பெயரே புழங்குகிறது. எழுத்துருவை ஒரு பக்கம் மட்டும் அச்சடித்து, வளையக் கோப்பில் போடுங்கள். திறந்தால் ஒரு பக்கம் வசனம், எதிர்ப்பக்கம் வெறுமை. அந்த வெறும் பக்கத்தில்தான் நீங்கள் எழுதப்போகிறீர்கள். வசனத்தில் ஒரு எண், எதிர்ப்பக்கத்தில் அதே எண்ணுக்கு அசைவுக் குறிப்பு: யார், எங்கிருந்து, எங்கே, எந்தச் சொல்லில்.

எல்லாம் பென்சிலில். நெறியாளர் நாளைக்கு மாற்றுவார், நாளை மறுநாள் பழையபடியே போதும் என்பார். அழிறப்பர் இல்லாமல் ஒத்திகைக்கு வராதீர்கள்.

சுருக்கெழுத்தை நீங்களே உருவாக்கலாம். ஆனால் முதற்பக்கத்தில் அதன் விளக்கம் இருக்க வேண்டும். உங்களுக்குக் காய்ச்சல் வந்தால், வேறொருவர் அந்தக் கொப்பியை எடுத்து அன்று மாலை நாடகத்தை நடத்தக்கூடியதாக இருக்க வேண்டும். ஒரு மேடைப்பிரதி நல்லதா இல்லையா என்று பார்க்க எனக்குத் தெரிந்த சோதனை அது ஒன்றுதான்.

ஒளி, ஒலிக் குறிப்புகள் வசனப்பக்க ஓரத்தில் வரும். ஒளிக்கு எண், ஒலிக்கு எழுத்து என்று பிரித்துக்கொண்டால் குழப்பம் குறையும். 12க்கும் 13க்கும் இடையில் புதிதாக ஒன்று வந்தால் 12.5 என்று போடுங்கள். முழுவதையும் திரும்ப எண்ணப் போனால் ஒளியாளரின் தாளும் உங்கள் தாளும் வேறு வேறாகிவிடும்.

தமிழ் நாடகத்துக்கே உரிய ஒரு சிக்கலையும் சொல்ல வேண்டும். எழுத்துருவில் "இனி நான் வரமாட்டேன்" என்று இருக்கும். நடிகர் ஒருநாள் அப்படிச் சொல்வார், மறுநாள் "நான் வரமாட்டேன் இனி" என்பார். பேச்சுத்தமிழில் சொற்கள் இடம் மாறினாலும் பொருள் கெடாது, நடிகருக்கு அது தெரியவும் தெரியாது. நீங்களோ 'வரமாட்டேன்' என்ற சொல்லில் விளக்கை மாற்றக் காத்திருப்பீர்கள். ஆகவே முக்கியமான இடங்களில் சொல்லை நம்பாமல் செயலை நம்புங்கள்: கதவுப்பிடியில் கை வைத்ததும், துவாயைத் தோளில் போட்டதும், திரும்பி மூன்றாவது அடி வைத்ததும். செயல் எதுவும் இல்லாத இடத்தில், அந்த வசனத்தை மாற்றாமல் சொல்லும்படி நடிகரிடம் நேராகக் கேளுங்கள். காரணத்தைச் சொன்னால் மறுக்கமாட்டார்.

கூத்துப் பாணி நாடகம் என்றால் இன்னொன்று. பாத்திரம் மேடைக்கு வரும்போது ஆடும் வரவாட்டம் இன்று நீளும், நாளை குறையும். நிமிடக் கணக்கு உதவாது. மத்தளத்தோடு இருந்து தாளம் எத்தனை சுற்று என்று எண்ணப் பழகுங்கள். கடைசிச் சுற்றுக்கு முன் அண்ணாவியார் தலையசைப்பார், அல்லது அடியை மாற்றுவார். அதைத்தான் குறித்துவைக்க வேண்டும்.

கியூ சொல்வது என்றால் என்ன? ஏன் அவ்வளவு கண்டிப்பு?

விளக்கை மாற்று, பாட்டைத் தொடங்கு, திரையை இழு என்று உரிய கணத்தில் சொல்வதுதான் கியூ. அது மூன்று படியில் வரும். ஒரு நிமிடம் முன்னர் ஒரு முன்னறிவித்தல். அரை நிமிடத்துக்குள் "ஸ்டான்ட்பை லைட் பன்னிரண்டு." ஒளியாளர் "ஸ்டான்ட்பை" என்று திருப்பிச் சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் அவர் கேட்கவில்லை என்று அர்த்தம். பிறகு கணம் வந்ததும் "லைட் பன்னிரண்டு, கோ."

'கோ' எப்போதும் கடைசியில்தான். "கோ லைட் பன்னிரண்டு" என்றால் முதற்சொல் காதில் விழுந்ததுமே விரல் அழுத்திவிடும். நீங்களும் ஒளியாளரும் பேசக் காதில் மாட்டும் கருவியில் வேறு எதற்கும் அந்த ஒலி வரக்கூடாது. "கோபால் எங்கே?" என்று கேட்டபோது விளக்கணைந்த கதையை என் முதல் வருடத்திலேயே பார்த்தேன். ஸ்டான்ட்பை கொடுத்த பிறகு ஊர்க்கதை முழுவதும் நிற்க வேண்டும்.

எண்களையும் கவனியுங்கள். தேர்ட்டீன், தேர்ட்டி இரண்டும் சத்தத்துக்குள் ஒன்றுபோலக் கேட்கும். "வன் த்ரீ", "த்ரீ ஸீரோ" என்று பிரித்துச் சொல்லுங்கள்.

ஐந்து விநாடியில் மெல்ல இறங்கும் விளக்கு, வசனம் முடியும்போது இறங்கி முடிந்திருக்க வேண்டுமானால், ஐந்து விநாடி முன்னரே சொல்ல வேண்டும். இதைப் புத்தகத்தில் படித்தால் போதாது. நடிகரோடு சேர்ந்து மூச்சு விடப் பழகினால்தான் வரும். எனக்கு இந்த வேலையில் மிகவும் பிடித்த இடம் இதுதான். இருட்டில் நிற்கும் நடிகர் ஒருவர், தான் வாய் திறக்கும்போது வெளிச்சம் வரும் என்று நம்பிக் காலை எடுத்து வைக்கிறார். அந்த நம்பிக்கை வீண்போகாமல் காப்பது எவ்வளவு பெரிய காரியம்.

மண்டபத்தில் ஒளியாளர் சிங்களம்தான் பேசுகிறார். என்ன செய்வது?

கொழும்பில் இது எல்லாருக்கும் வரும் நிலைமை. நாடகம் தமிழ், ஒளியாளர் சிங்களம், கருவியில் எழுதியிருப்பது ஆங்கிலம். கியூவை ஆங்கில எண்ணிலேயே வைத்துக்கொள்ளுங்கள். உங்களுக்கும் அவருக்கும் பொதுவானது அதுதான். அதற்குமேல் கொஞ்சம் சிங்களம் அவசியம். "லெஸ்தித?" என்றால் தயாரா. "பொட்டக் இன்ன" என்றால் கொஞ்சம் பொறுங்கள். "அடு கரன்ன", குறையுங்கள். "வெடி கரன்ன", கூட்டுங்கள். "ஹரி" என்றால் சரி. மூத்தவரை "அய்யா" என்று கூப்பிடுங்கள். சிங்களத்தில் அது அண்ணன். எங்கள் காதுக்கு மரியாதையாகவும் அவர் காதுக்கு உறவாகவும் விழும் சொல் அது.

தொழில்நுட்ப ஒத்திகைக்கு முன் அவரோடு ஒரு மணித்தியாலம் உட்கார்ந்து கதையைச் சொல்லுங்கள். எண்களை மட்டும் கொடுத்தால் எண்ணுக்கு வேலை செய்வார். தாய் மகனைப் பிரியும் காட்சி இது என்று தெரிந்தால், அந்த விளக்கை அவர் இறக்கும் விதமே வேறு. மொழி தெரியாமலே எங்கள் நாடகத்தின் கடைசிக் காட்சியில் கண் துடைத்த ஒளியாளர்களோடு வேலை செய்திருக்கிறேன்.

கைப்பொருட்களுக்கு ஏன் தனி மேசை?

என் மூன்றாவது நாடகத்தில் பழைய கடிதக் கட்டு ஒன்று பெட்டிக்குள் இருக்க வேண்டும். முதற்காட்சி நாள். நடிகை பெட்டியைத் திறந்தார், வெறும் பெட்டி. ஒவ்வொருவரும் மற்றவர் வைத்திருப்பார் என்று நினைத்திருந்தோம். வெறுங்கையைக் கடிதமாகப் பிடித்து அந்தக் காட்சியை அவர் முடித்தார். திரைக்குப் பின்னால் வந்து என்னைப் பார்த்து ஒன்றும் சொல்லவில்லை. அன்றிரவு நான் தூங்கவில்லை.

மறுநாளிலிருந்து இன்றுவரை: மேடையின் இரு பக்கமும் ஒவ்வொரு மேசை. மேலே வெள்ளைத் தாள். ஒவ்வொரு பொருளுக்கும் நாடாவால் ஒரு கட்டம், கட்டத்துக்குள் பெயரும் காட்சி எண்ணும். கட்டம் வெறுமையாக இருந்தால் தூரத்திலிருந்தே தெரியும். வாசல் திறக்க முன் பட்டியலைக் கையில் வைத்து, ஒவ்வொன்றையும் தொட்டு அடையாளமிடுங்கள். கண்ணால் பார்த்து அடையாளமிடாதீர்கள். பெட்டிக்குள் இருக்க வேண்டியதைப் பெட்டியைத் திறந்து தொடுங்கள்.

நடிகர் எடுத்த பொருளை அவரே திரும்ப வைக்க வேண்டும். வேறு யாரும் மேசையில் கை வைக்கக்கூடாது, சோற்றுப் பார்சலும் வைக்கக்கூடாது.

எந்த மண்டபம் எப்படி?

கில்போர்ட் கிரசன்டில் உள்ள லயனல் வென்ட் அரங்கு 1953இல் திறக்கப்பட்டது. 600க்குச் சற்று மேற்பட்ட ஆசனங்கள். நாடகத்துக்கென்றே கட்டப்பட்ட இடம். எதிரிவீர சரச்சந்திரவின் புகழ்பெற்ற சிங்கள நாடகமான 'மனமே' 1956 நவம்பரில் முதன்முதலில் மேடையேறியது அங்கேதான். மருதானை டவர் மண்டபம் 1911இலிருந்து இருக்கிறது. 2011இல் திறந்த நெலும் பொக்குண 1,200க்கு மேற்பட்டோர் இருக்கக்கூடியது. சிறிய குழுவொன்றின் குரல் அங்கே தொலைந்துபோகும், செலவும் அதிகம்.

எங்கள் நாடகங்கள் கூடுதலாக நடப்பது வெள்ளவத்தை 57ஆவது ஒழுங்கையில் உள்ள கொழும்புத் தமிழ்ச் சங்கத்து மண்டபம், பம்பலப்பிட்டியில் சரஸ்வதி மண்டபம், புதிய கதிரேசன் மண்டபம் போன்ற இடங்களில். இவை கூட்டம், அரங்கேற்றம், கலியாணம் எல்லாவற்றுக்குமான பொது மண்டபங்கள். ஆகவே போய்ப் பாருங்கள், அளந்து பாருங்கள். பக்கத்திரைக்குப் பின்னால் எத்தனை பேர் நிற்கலாம்? ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கத்துக்குப் பார்வையாளர் காணாமல் போக வழி உண்டா? எத்தனை மின்செருகி, எந்த அம்பியர்? மழை கொட்டினால் கூரைச் சத்தம் எவ்வளவு? ஒக்டோபர், நவம்பரில் கொழும்பில் மாலை மழை இடியோடு வரும், நாடக நேரமும் அதுதான். அதே நேரத்தில் போய் மண்டபத்தில் இருந்து பார்க்காமல் நாளைப் பதிவுசெய்யாதீர்கள்.

அனுமதி, வரி எல்லாம் மேடை முகாமையாளரின் வேலையா?

தயாரிப்பாளருடையது. ஆனால் அது முடிந்ததா என்று கேட்பது உங்களுடையது. பொது அரங்காற்றுகைகளுக்கான சட்டம் இங்கே 1912ஆம் ஆண்டிலிருந்து இருக்கிறது. ரிக்கற் விற்றால் மாநகர சபையின் களியாட்ட வரியும் உண்டு. மண்டபத்தை ஒப்புக்கொள்ளும்போதே அலுவலகத்தில் என்னென்ன கடிதம் வேண்டும் என்று கேட்டு, எழுதி, தயாரிப்பாளரின் கையில் கொடுத்துவிடுங்கள்.

காட்சி நாளில் நேர ஒழுங்கு எப்படி?

மாலை 6.30 காட்சி என்று வைத்துக்கொள்வோம். பிரித்தானிய வழக்கில் எல்லா அழைப்புகளும் முதல் நடிகர்கள் இடத்தில் நிற்க வேண்டிய நேரத்திலிருந்து கணக்கிடப்படும். அந்த நேரம் திரை திறக்க ஐந்து நிமிடம் முன், அதாவது 6.25. ஆகவே 'அரை மணி' அழைப்பு 5.55க்கு, 'கால் மணி' 6.10க்கு, 'ஐந்து நிமிடம்' 6.20க்கு. அரை மணி அழைப்பின்போது வராத நடிகருக்கு உடனே தொலைபேசி எடுக்க வேண்டும். காலி வீதி நெரிசலை எல்லாரும் காரணம் சொல்வார்கள், நெரிசல் நேற்றும் இருந்தது. 5 மணிக்கு முன் எல்லாரும் உள்ளே இருக்கும்படி நேரம் கொடுங்கள்.

ஒவ்வொரு அழைப்புக்கும் நடிகர் "நன்றி" என்று பதில் சொல்லப் பழக்குங்கள். மரியாதைக்காக மட்டும் இல்லை, கேட்டது என்பதற்கு அத்தாட்சி அது.

அப்புறம், எங்கள் நிகழ்ச்சிகளில் நாடகத்துக்கு முன் மங்கள விளக்கேற்றல், வரவேற்புரை, பிரதம விருந்தினர் உரை எல்லாம் இருக்கும். இருக்கட்டும், அவை எங்கள் பண்பாடு. ஆனால் அவற்றுக்கும் நேரம் எழுதி, ஒருங்கிணைப்பாளரிடம் கையொப்பம் வாங்காத குறையாகப் பேசி வைத்துக்கொள்ளுங்கள். ஒப்பனையோடும் சதங்கையோடும் ஒரு மணித்தியாலம் காத்து நிற்கும் நடிகரின் உடம்பு சோர்ந்துபோகும்.

குத்துவிளக்கை அகற்றியதும் முதல் வேலை, நின்ற இடத்தைத் துடைப்பது. தேங்காயெண்ணெய் சொட்டியிருக்கும், பூவிதழ் விழுந்திருக்கும். அடுத்த நிமிடம் வெறுங்காலோடு ஒருவர் ஆடிக்கொண்டு வரப்போகிறார். அந்தத் துணி எப்போதும் என் தோளிலேயே இருக்கும். துடைத்த பிறகு நானே வெறுங்காலோடு நடந்து பார்ப்பேன்.

நடிகர் வசனத்தை மறந்துவிட்டால் எடுத்துக்கொடுக்கலாமா?

ஒத்திகையில் ஆம். எழுத்துரு கையை விட்டு இறங்கும் கிழமைகளில் நீங்கள் கொப்பியிலிருந்து கண்ணை எடுக்கவே கூடாது. கேட்டால் மட்டும், தயக்கமில்லாத குரலில் முதல் இரண்டு சொல் கொடுங்கள். மௌனத்தையும் மறதியையும் பிரித்தறியப் பழக வேண்டும். மூச்சு ஓடினால் மௌனம், மூச்சு நின்றால் மறதி.

காட்சியன்று நான் எடுத்துக்கொடுப்பதில்லை. சக நடிகர்கள் காப்பாற்றுவார்கள். பக்கத்திலிருந்து வரும் கிசுகிசுப்பு மூன்றாவது வரிசைவரை கேட்கும். இதில் என்னோடு உடன்படாத மூத்தவர்கள் உண்டு.

நடிகர்கள் எழுத்துருவில் இரண்டு பக்கத்தைத் தாண்டிப் பாய்ந்துவிட்டால்? பதறாமல் அவர்கள் நிற்கும் பக்கத்தைக் கண்டுபிடியுங்கள். "லைட் எட்டும் ஒன்பதும் விடுங்கள், அடுத்தது பத்து" என்று தெளிவாகச் சொல்லுங்கள். விட்டுப்போன பகுதியில் யாராவது பொருளோடு வர வேண்டியிருந்ததா என்று உடனே யோசியுங்கள்.

நடுவில் கரண்ட் போனால், விபத்து நடந்தால்?

2022இல் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம்வரை மின்வெட்டு இருந்த காலத்தையும் இந்த நகரம் கண்டது. அன்று ஜெனறேற்றர் உள்ள மண்டபத்தைத் தேடி ஓடினோம். இப்போதும் மண்டபத்தில் ஜெனறேற்றர் உண்டா, அது மேடை விளக்குகளையும் தாங்குமா, மாறுவதற்கு எத்தனை விநாடி என்று கேளுங்கள். மாறிய பிறகு ஒளிக்கருவி பழைய இடத்திலிருந்து தொடங்குமா, பூச்சியத்திலிருந்தா என்பதையும் சோதியுங்கள்.

ஆபத்து என்று தெரிந்தால் நாடகத்தை நிறுத்தும் அதிகாரம் உங்களிடம் இருக்க வேண்டும். நெறியாளரோடு இதை முன்கூட்டியே பேசி முடிவுசெய்யுங்கள். நிறுத்தும்போது செய்வது: மண்டப விளக்கைப் போடு, திரையை மூடு, நீங்களே முன்னால் வந்து தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் இரண்டிரண்டு வரி சொல்லு. அந்த வரிகளை எழுதி மேடைப்பிரதியின் பின்னட்டையில் ஒட்டி வையுங்கள். அந்த நேரத்தில் மூளை வேலை செய்யும் என்று நம்பாதீர்கள்.

வெளியேறும் கதவுகள் பூட்டப்படாமல் இருக்கின்றனவா என்று வாசல் திறக்க முன் நீங்களே தள்ளிப் பாருங்கள். எங்கள் மண்டபங்களில் பக்கக் கதவுக்குக் குறுக்கே கதிரை அடுக்கும் பழக்கம் இருக்கிறது. யார் முகம் கோணினாலும் அதை அகற்றுங்கள். மேடையில் உண்மையான தீ இருந்தால், தீயணைப்பானோடு ஒருவர் பக்கத்திரையில் நிற்க வேண்டும், அவருக்கு அந்த நேரத்தில் வேறு வேலை கொடுக்கக்கூடாது.

நான் பெண்பிள்ளை. இரவு ஒத்திகை என்றால் வீட்டில் விடமாட்டார்கள். என்ன செய்ய?

என்னிடம் பழகியவர்களில் மிகத் திறமையான பலர் பெண்பிள்ளைகள். அம்மாவை ஒருநாள் ஒத்திகைக்குக் கூட்டி வாருங்கள். என்ன நடக்கிறது, யார் யார் இருக்கிறார்கள் என்று பார்க்கட்டும்.

ஆனால் இது அந்தப் பிள்ளை தனியே தீர்க்க வேண்டிய பிரச்சினை இல்லை. யார் எந்த ஊர், எந்த பஸ், யாரோடு சேர்ந்து போகலாம், யாருக்கு ஓட்டோ எடுத்துக் கொடுக்க வேண்டும் என்ற பட்டியல் மேடை முகாமையாளரிடம் இருக்க வேண்டும். எட்டரைக்கு முடியும் என்று சொன்னால் எட்டரைக்கு முடிக்க வேண்டும். நெறியாளர் இன்னொரு தடவை பார்க்கலாம் என்றால், "வத்தளைக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள் அண்ணா" என்று சொல்லும் தைரியம் வேண்டும். எல்லாரும் வீடு சேர்ந்துவிட்டோம் என்று செய்தி வரும்வரை என் நாள் முடிவதில்லை. நடிகையிடம் யாராவது தகாத முறையில் நடந்தால் அவள் முதலில் வந்து சொல்லக்கூடிய ஆளாகவும் நீங்கள் இருக்க வேண்டும். கேட்டதை மூடி மறைக்காமல், அவள் விருப்பத்தோடு, பொறுப்பானவர்களிடம் கொண்டுபோகவும் வேண்டும்.

எங்கே படிக்கலாம்?

உயர்தரத்தில் 'நாடகமும் அரங்கியலும்' ஒரு பாடம். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்திலும், கிழக்குப் பல்கலைக்கழகத்தின் சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்திலும் பட்டமாகப் படிக்கலாம். அடித்தளத்துக்கு அவை நல்லவை. ஆனால் இந்தத் தொழில் ஒருவர் பக்கத்தில் நின்றுதான் கைக்கு வரும். கொழும்பில் இருப்பதில் ஒரு வசதி, சிங்கள, ஆங்கில நாடகங்களும் இங்கேயே நடக்கின்றன. ஒரு குழுவிடம் போய், "மேசை பார்க்கிறேன், திரை இழுக்கிறேன்" என்று கேளுங்கள். பெரும்பாலும் மறுக்கமாட்டார்கள்.

தனியே செய்யக்கூடிய பயிற்சி ஒன்றும் உண்டு. ஆடிவேல் ரதம் செட்டியார் தெருவிலிருந்து பம்பலப்பிட்டிப் பக்கம் வரும்போது ஒரு கொப்பியோடு கூடவே நடந்து பாருங்கள். யார் சைகை காட்டுகிறார், யார் அதைப் பார்த்து நிறுத்துகிறார், சில்லுக்குக் கட்டை போடுகிறவர் எந்த நொடியில் குனிகிறார், மேளம் எதைப் பார்த்து மாறுகிறது என்று எழுதுங்கள். சனத்துக்குள் அந்த ஒருவரின் கையை மட்டும் தேடிப் பிடிக்கப் பழகினால் கண் தயாராகிவிடும்.

சம்பளம் கிடைக்குமா?

பல தமிழ்க் குழுக்கள் ஆர்வத்தால் நடப்பவை. கிடைத்தாலும் கொஞ்சம்தான். முதலே கேளுங்கள், கேட்பது பிழையில்லை. குறைந்தது போக்குவரத்தும் சாப்பாடும் உறுதியாக இருக்க வேண்டும். நிகழ்ச்சி ஒழுங்கமைப்பு, தொலைக்காட்சி போன்ற தொழில்களுக்கு இந்தப் பழக்கம் உதவும்.

பைக்குள் என்ன வைத்திருக்க வேண்டும்?

பென்சில், அழிறப்பர், அளவு நாடா, இருட்டில் ஒளிரும் நாடா, நீலத்தாள் ஒட்டிய சிறிய ரோச், உபரி பற்றரி, ஊசி நூல், நிறைய சட்டையூசி, கத்தரிக்கோல், பிளாஸ்ரர், சித்தாலேப, குளுக்கோஸ், கறுப்புச் சட்டை ஒன்று. மணிக்கூடும் வேண்டும். தொலைபேசியில் நேரம் பார்த்தால் முகத்தில் வெளிச்சம் அடிக்கும்.

நாடகம் முடிந்ததும் மேடைப்பிரதியை என்ன செய்வது?

அன்றிரவே காட்சிக் குறிப்பு எழுதுங்கள்: தொடங்கிய நேரம், முடிந்த நேரம், பிழைத்த கியூ, உடைந்த பொருள், சபை எங்கே சிரித்தது, எங்கே அசையாமல் இருந்தது. பிறகு மேடையில் ஒட்டிய நாடாக்களை எல்லாம் உரியுங்கள். நாளை அங்கே யாரோ ஒரு பிள்ளையின் அரங்கேற்றம் இருக்கும்.

மேடைப்பிரதியைத் தூக்கி எறியாதீர்கள். எங்கள் நாடக எழுத்துருக்கள் சில அச்சில் வந்து மிஞ்சியிருக்கின்றன. ஆனால் அவை எப்படி மேடையில் நடந்தன, யார் எங்கே நின்றார், எந்தச் சொல்லில் விளக்கு இறங்கியது என்பதை எழுதி வைத்தவர்கள் மிகக் குறைவு. எழுதியவற்றிலும் பல இடம்பெயர்வில், வெள்ளத்தில், கறையானில் போய்விட்டன. பென்சில் எழுத்து வருடக்கணக்கில் தேய்ந்து மங்கும். ஆகவே முதற்கிழமையிலேயே பகல் வெளிச்சத்தில், சன்னலோரம் வைத்து, ஒவ்வொரு பக்கத்தையும் தொலைபேசியால் படமெடுங்கள். குழுவில் மூன்று பேரிடமாவது ஒவ்வொரு பிரதி இருக்கட்டும். நெறியாளரும் எழுத்தாளரும் சம்மதித்தால் 'நூலகம்' என்ற பெயரில் இணையத்தில் இயங்குவதைப் போன்ற எண்ணிம ஆவணகத்துக்கும் அனுப்பலாம். முதற்பக்கத்தில் நாடகத்தின் பெயர், மண்டபம், திகதி, நடித்த, உழைத்த எல்லாருடைய பெயர்களும் இருக்க வேண்டும். திரை இழுத்த பிள்ளையின் பெயரையும் எழுதுங்கள்.